முழங்கையில் இரண்டு எழுத்துவரிசை

பயிற்சி வகுப்புகளுக்கென்றே செய்தது போன்ற ஒரு மாதிரி சார்ட்டிலிருந்து தொடங்கலாம். ஒஹையோவில் வசிக்கும் ஆறு வயதுச் சிறுமி விடுமுறைக்குப் பெற்றோருடன் ஃப்ளோரிடா போகிறாள். அங்கே பூங்காவில் ஏறி விளையாடும் கம்பிக்கூண்டில் தொங்கும்போது கை நழுவிக் கீழே விழுகிறாள். இடது முழங்கைக்குச் சற்று மேலே எலும்பு முறிந்து விலகிவிடுகிறது. அன்றிரவே மயக்க மருந்து கொடுத்து, எலும்பை இழுத்து நேராக்கி, தோல் வழியாகக் கம்பிகளைச் செலுத்தி நிறுத்துகிறார்கள். குடும்பம் ஊர் திரும்புகிறது. மூன்றாவது வாரம் ஒஹையோவில் உள்ள எலும்பு மருத்துவர் மாவுக்கட்டைப் பிரித்து, எக்ஸ்ரே எடுத்து, புது எலும்பு படிந்திருப்பதைப் பார்த்துக் கம்பிகளை உருவிவிடுகிறார். அந்தச் சந்திப்பின் சார்ட் சில மணி நேரத்தில் சென்னையிலோ கோவையிலோ திருச்சியிலோ அதற்குக் குறியீடு போடும் ஒரு மருத்துவக் கோடரின் திரையில் வந்து நிற்கிறது.

புதிதாகச் சேர்ந்தவர் இங்கேதான் தடுக்கி விழுவார். அந்த மருத்துவர் சிறுமியைப் பார்ப்பது இதுவே முதல் முறை. குறிப்பின் தலைப்பில் ‘புதிய நோயாளி’ என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது. முதல் சந்திப்பென்றால் ‘ஏ’ என்று கை தானாகப் போகும். சரியான விடை எஸ்42.412டி.

இந்தக் குறியீட்டைப் பிரித்துப் பார்த்தால் கதை முழுவதும் அதற்குள் இருக்கிறது. எஸ்42 என்பது தோள், மேற்கை முறிவுகளின் வீடு. புள்ளிக்குப் பின் வரும் 4, மேற்கை எலும்பான ஹியூமரஸின் கீழ்முனை. அடுத்த 1, மூட்டின் குமிழ்களுக்கு நடுவே பிளவு இறங்காத எளிய சுப்ராகாண்டைலர் முறிவு. அடுத்த 2, இடது கை, விலகிய முறிவு. கடைசியில் நிற்கும் ‘டி’தான் ஏழாம் எழுத்து, அலுவலகப் பேச்சில் ‘செவன்த் கேரக்டர்’. முறிவு எங்கே என்பதை முதல் ஆறும் சொல்கின்றன. அது இப்போது எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதைச் சொல்வது இந்த ஒற்றை எழுத்துதான்.

தமிழில் எழுதும்போது இங்கே ஒரு சங்கடம் உண்டு. ஆங்கில நெடுங்கணக்கின் இரண்டாம் எழுத்தும் பதினாறாம் எழுத்தும் தமிழில் ஒரே ‘பி’ ஆகிவிடுகின்றன. முறிவுக் குறியீட்டிலோ ஒன்று திறந்த முறிவின் முதற்கட்ட சிகிச்சை, மற்றது கோணலாகக் கூடிய எலும்பு. தொலைபேசியில் சொல்லும்போது குழப்பம் வராமலிருக்கக் கோடர்கள் ‘பி ஃபார் பாய்’, ‘பி ஃபார் பேப்பர்’ என்பார்கள். இந்த அத்தியாயத்திலும் அவை பாய்-பி, பேப்பர்-பி என்றே வரும்.

‘ஏ’ எப்போது, ‘டி’ எப்போது

அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 அன்று ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டு முறை நடைமுறைக்கு வந்தது. சுமார் 14,000 நோய்க் குறியீடுகள் இருந்த இடத்தில் சுமார் 68,000 வந்து உட்கார்ந்தன. அதற்கு முன், ஆறிவரும் மேற்கை முறிவுக்கான தொடர் கவனிப்பு என்றால் வி54.11, கீழ்க்கை என்றால் வி54.12 என்று போட்டுவிட்டு அடுத்த சார்ட்டுக்குப் போய்விடலாம். புதிய முறையில் காயத்துக்கான தொடர் கவனிப்பை இசட் வரிசைக்குக் கொண்டுபோகக் கூடாது. பழைய முறிவுக் குறியீட்டையே எடுத்து அதன் வாலை மட்டும் மாற்ற வேண்டும். பழைய பழக்கத்தில் இசட்47 வரிசையைத் தேடிப் போகும் கை இன்றும் உண்டு.

‘ஏ’ என்பதற்குப் புத்தகம் கொடுத்திருக்கும் பெயர் முதல் சந்திப்பு. பொருள் அதுவல்ல. நோயாளி தீவிர சிகிச்சைக் கட்டத்தில் இருக்கிறாரா என்பதே கேள்வி. அறுவை சிகிச்சை, அவசரப் பிரிவில் பார்ப்பது, அதே மருத்துவரோ வேறொருவரோ மதிப்பிட்டு சிகிச்சையைத் தொடர்வது ஆகியவை அந்தக் கட்டத்தில் சேரும். அது முடிந்து, எலும்பு கூடும் காலத்தில் நடக்கும் கட்டு மாற்றம், எலும்பு எப்படிக் கூடுகிறது என்று பார்க்கும் எக்ஸ்ரே, கம்பி அகற்றல், மருந்து மாற்றம் எல்லாம் ‘டி’. ஃப்ளோரிடாவில் எலும்பை நேராக்கிக் கம்பி போட்டதோடு சிறுமியின் தீவிர சிகிச்சை முடிந்துவிட்டது. ஒஹையோ மருத்துவருக்கு அவள் புதியவளாக இருக்கலாம். முறிவுக்கு வயது மூன்று வாரம்.

எதிர்த்திசையிலும் இது வேலை செய்யும். நியூ ஜெர்சியில் பனியில் வழுக்கி, ஊன்றிய கையோடு விழுந்த ஒருவரை எடுத்துக்கொள்ளலாம். வலது ரேடியஸ் தலையில் விலகாத முறிவு. அவசரப் பிரிவில் ஸ்லிங் மாட்டி அனுப்பிய நாளில் எஸ்52.124ஏ. நான்காம் நாள் எலும்பு மருத்துவர் பார்த்து, அறுவை வேண்டாம், சில நாளில் கையை மடக்கி நீட்டத் தொடங்கலாம் என்று சிகிச்சையை முடிவு செய்கிறார். இரண்டாவது சந்திப்புதான், ஆனாலும் ‘ஏ’. மூன்றாவது வாரம் எக்ஸ்ரே பார்த்துத் தலையசைக்கும்போது ‘டி’.

இன்னொரு சிறுவனுக்கு முதல் நாள் எலும்பை நேராக்கி மாவுக்கட்டு மட்டும் போட்டிருக்கிறார்கள். எட்டாம் நாள் எக்ஸ்ரேயில் எலும்பு மீண்டும் நகர்ந்திருக்கிறது. மறுநாளே கம்பி போட வேண்டும் என்கிறார் மருத்துவர். குறிப்பின் தலைப்பு ‘ஃபாலோ-அப்’ என்றிருந்தாலும் அது ‘ஏ’தான். விழுந்து வாரக்கணக்கில் மருத்துவரிடமே போகாமல் இருந்துவிட்டு, பிறகு முதன்முறையாக வருபவருக்கும் ‘ஏ’.

மூன்று எலும்பு, இரண்டு வீடு

முழங்கை மருத்துவருக்கு ஒரு மூட்டு. குறியீட்டுப் புத்தகத்துக்கு அது ஓர் எல்லைக்கோடு. மேலிருந்து இறங்கும் ஹியூமரஸ் எஸ்42-இல் இருக்கிறது. கீழிருந்து ஏறும் அல்னாவும் ரேடியஸும் எஸ்52-இல். முழங்கையை ஊன்றும்போது மேசையில் படும் கூர்முனையான ஒலிக்ரெனான் அல்னாவைச் சேர்ந்தது. அதன் எதிரே உள்ள சிறு மூக்கு கொரனாய்டும் அப்படியே. மருத்துவர் ‘எல்போ ஃப்ராக்சர்’ என்று மட்டும் எழுதியிருந்தால் எந்த வீட்டுக் கதவைத் தட்டுவது என்றே தெரியாது. எக்ஸ்ரே அறிக்கையைத் திறந்து பார்த்துத்தான் ஆக வேண்டும். குழந்தைகளுக்கு இன்னொரு கதவும் உண்டு. முறிவு வளர்தட்டின் வழியே போயிருந்தால் ஹியூமரஸின் கீழ்முனைக்கு எஸ்49.1 வரிசை.

இரண்டு வீட்டுக்கும் எழுத்துவரிசை வேறு வேறு என்பதுதான் இந்த மூட்டின் பொல்லாத்தனம். எஸ்42-இல் ஏழே எழுத்துகள்: ஏ, பாய்-பி, டி, ஜி, கே, பேப்பர்-பி, எஸ். எஸ்52-இல் பதினாறு. முன்கை முறிவு தோலைக் கிழித்து வெளியே வந்திருந்தால், அது எவ்வளவு மோசமான கிழிசல் என்பதையும் கடைசி எழுத்து சொல்ல வேண்டும். கஸ்டிலோவும் ஆண்டர்சனும் 1976-இல் வகுத்த முறைதான் அளவுகோல். அதன் மூன்றாம் வகை 1984-இல் ஏ, பி, சி என்று மேலும் பிரிக்கப்பட்டது. அதனால் சாதாரணமாக ஆறிவரும் முன்கை முறிவுக்கு மூன்று எழுத்துகள்: மூடிய முறிவுக்கு ‘டி’, முதல் இரண்டு வகைத் திறந்த முறிவுக்கு ‘ஈ’, மூன்றாம் வகைக்கு ‘எஃப்’. ஆறத் தாமதமானால் அதே வரிசையில் ஜி, ஹெச், ஜே. எலும்பு கூடாமலே போனால் கே, எம், என். கோணலாகக் கூடினால் பேப்பர்-பி, கியூ, ஆர்.

மேற்கைக்கு இந்த நுணுக்கம் எதுவும் கிடையாது. திறந்த முறிவு என்ற செய்தி முதற்கட்ட சிகிச்சையில் பாய்-பி ஆக ஒரு முறை பதிவாகிறது. தொடர் சந்திப்பில் மறைந்துபோகிறது. புத்தகம் ஏன் இப்படிப் பாரபட்சம் காட்டுகிறது என்று வகுப்பில் யாராவது கேட்பார்கள். நியாயமான கேள்விதான். பதில் தெரிந்தாலும் குறியீடு மாறப்போவதில்லை.

ஒரே ஆளிடம் இரண்டு வரிசையும் சேர்ந்து வரும்போதுதான் இதன் முழு அழகு தெரியும். மோட்டார் சைக்கிளிலிருந்து வலது முழங்கையில் விழுந்த ஒருவர். ஹியூமரஸின் கீழ்முனை நொறுங்கி விலகியிருக்கிறது, ஒலிக்ரெனான் மூட்டுக்குள் வரை பிளந்து விலகியிருக்கிறது. இரண்டும் திறந்த முறிவு, இரண்டாம் வகை. அறுவையின்போது எஸ்42.421, எஸ்52.031 இரண்டுக்கும் வால் பாய்-பிதான். ஆறாவது வாரம் எல்லாம் நன்றாக ஆறுகிறது. இப்போது ஒன்று எஸ்42.421டி, மற்றது எஸ்52.031ஈ. ஒரே விபத்து, ஒரே கை, ஒரே நாள், இரண்டு எழுத்து. தணிக்கையில் உட்காருபவர் அவசரக்காரராக இருந்தால் இதையே பிழை என்று வட்டமிடுவார்; புத்தகத்தைத் திறந்து காட்டத் தயாராக இருப்பது நல்லது.

மருத்துவர் மூடியதா திறந்ததா என்று எழுதவில்லையென்றால் மூடியது என்று கொள்ள வேண்டும். விலகியதா விலகாததா என்று எழுதவில்லையென்றால் விலகியது. திறந்த முறிவு என்று எழுதிவிட்டு வகையைச் சொல்லவில்லையென்றால் முதல் இரண்டு வகைக்கான எழுத்து.

விலகல் விஷயத்தில் தொடர் சந்திப்பு ஒரு பொறி வைத்திருக்கிறது. மூன்றாவது வார எக்ஸ்ரே அறிக்கை ‘எலும்பு சரியான இடத்தில் நிற்கிறது’ என்று சொல்லும். கம்பி போட்டு நிறுத்தியபின் அப்படித்தானே இருக்க வேண்டும்! அதைப் படித்துவிட்டு எஸ்42.412-ஐ விலகாத முறிவுக்கான எஸ்42.415 ஆக மாற்றுபவர்கள் உண்டு. முறிவு முதலில் எப்படி இருந்ததோ அந்தக் குறியீடே கடைசி வரை வரும்.

சேர்ந்து வரும் குறியீடுகள்

விபத்து எப்படி நடந்தது என்பதற்கும் ஏழாம் எழுத்து உண்டு. ஏறி விளையாடும் கம்பிக்கூண்டிலிருந்து விழுந்த சிறுமிக்கு டபிள்யூ09.2எக்ஸ்எக்ஸ்டி. நடுவில் வரும் இரண்டு எக்ஸும் வெற்றிடத்தை நிரப்ப மட்டுமே. அவற்றை விட்டுவிட்டால் ‘டி’ ஏழாம் இடத்துக்குப் போய்ச் சேராது, குறியீடே செல்லாது. விழுந்த இடம், அப்போது செய்த செயல் ஆகியவற்றுக்கான ஒய்92, ஒய்93 வரிசைகள் முதற்கட்ட சிகிச்சையில் ஒரே முறைதான். தொடர் சந்திப்பில் அவற்றுக்கு வேலையில்லை.

கம்பி நுழைந்த இடம் சிவந்து சீழ் வைத்திருந்தால்? பதிவில் இரண்டு எழுத்துகள் முரண்படுவது போலத் தோன்றும்: டி84.611ஏ (முன்னால் நிற்கும் இந்த ‘டி’ ஆங்கில நெடுங்கணக்கின் இருபதாம் எழுத்து), எஸ்42.412டி. முதலாவது, இடது ஹியூமரஸில் உள்ள உட்பொருத்துக் கம்பியால் வந்த தொற்று. அதற்கான தீவிர சிகிச்சை இன்றுதான் தொடங்குகிறது, ஆகவே ‘ஏ’. முறிவு தன் பாட்டுக்கு ஆறிக்கொண்டிருக்கிறது, ஆகவே ‘டி’. ஒவ்வொரு குறியீடும் தன் பெயரிலுள்ள பிரச்சினைக்கு மட்டுமே பதில் சொல்லும்.

‘எஸ்’ என்ற கடைசி எழுத்து, காயம் ஆறியபின் அது விட்டுச்சென்ற குறைக்கு. அதைத் தனியாகப் போடக் கூடாது. இன்றைய குறை முன்னால், பழைய காயம் பின்னால். ஒலிக்ரெனான் முறிவு கூடி முடிந்த ஒருவருக்கு வலது முழங்கை மடங்க மறுக்கிறது என்றால் எம்25.621, அடுத்து எஸ்52.031எஸ். சிறுவயது சுப்ராகாண்டைலர் முறிவு விட்டுச்செல்லும் பெயர்பெற்ற குறை முழங்கை உள்நோக்கி வளைவது. துப்பாக்கிக் கட்டையின் சாய்வு போலிருப்பதால் அந்தப் பெயரிலேயே மருத்துவ நூல்கள் அதைக் குறிப்பிடும். கோணலாகக் கூடிய முறிவு என்று மருத்துவர் எழுதி அதற்கே சிகிச்சை செய்தால் எஸ்42.412 பேப்பர்-பி. முறிவு எப்போதோ ஆறியது, எஞ்சியிருக்கும் வளைவுக்காக இப்போது வந்திருக்கிறார் என்றால் எம்21.122, அடுத்து எஸ்42.412எஸ். கை ஒன்றுதான். மருத்துவர் எந்தச் சொல்லை எழுதினார் என்பதில்தான் வேறுபாடு.

எல்லாம் ஆறி, சிகிச்சை முழுவதும் முடிந்தபின் சும்மா பார்த்துவிட்டுப் போக வந்தால் மட்டும் இசட் வரிசைக்கு இடம் உண்டு: இசட்09, கூடவே பழைய முறிவு வரலாற்றுக்கு இசட்87.81.

ஒரு முக்கியமான விலக்கு. எழுபது வயதைத் தாண்டிய, எலும்புப்புரை உள்ள பெண்மணி வீட்டுக் கம்பளத்தில் தடுக்கி விழுந்து வலது ஹியூமரஸை முறித்துக்கொண்டார் என்றால் எஸ்42 பக்கமே போகக் கூடாது. நல்ல எலும்பை முறிக்காத அளவு சிறிய விழுகை அது. குறியீடு எம்80.021, தொடர் சந்திப்பில் அதன் வால் ‘டி’. விழுந்தார் என்ற சொல்லைப் பார்த்ததும் காயம் என்று முடிவு செய்துவிடுவதுதான் இங்கே நடக்கும் தவறு.

பணம் யாருக்கு

நோய்க் குறியீடு சரியாக இருந்தும் கிளெயிம் திரும்பி வருவதற்குப் பெரும்பாலும் காரணம் தொண்ணூறு நாள் கணக்கு. முறிவு சிகிச்சைக்கான சிபிடி குறியீடுகளில் பெரும்பாலானவை அறுவைக்குப் பின் 90 நாள் கவனிப்பையும் ஒரே விலைக்குள் அடக்கியவை. அமெரிக்க அரசுக் காப்பீடான மெடிகேரின் கணக்கில் அறுவைக்கு முந்தைய நாளையும் அறுவை நாளையும் சேர்த்தால் மொத்தம் 92 நாள். சுப்ராகாண்டைலர் முறிவுக்குத் தோல் வழியே கம்பி போடும் 24538 அந்த வகை. எலும்பை அசைக்காமலே பார்த்துக்கொள்ளும் ரேடியஸ் தலை முறிவுக்கான 24650-உம் அதே வகை என்பதை மறந்துபோகிறவர்கள் அதிகம். கத்தியே படவில்லையே, எங்கிருந்து வந்தது அறுவைக் கணக்கு என்று கேட்கத் தோன்றும். சிபிடி அப்படிப் பார்ப்பதில்லை.

ஃப்ளோரிடா மருத்துவரே மூன்றாவது வாரம் சிறுமியைப் பார்த்திருந்தால், அந்தச் சந்திப்புக்கு 99024 என்ற கட்டணமில்லாக் குறியீடு மட்டுமே. காசு வராத எண்ணை எதற்கு எழுதுவது என்று விட்டுவிடும் அலுவலகங்கள் உண்டு. 2017 ஜூலை 1 முதல் ஒஹையோ, ஃப்ளோரிடா உள்ளிட்ட ஒன்பது மாநிலங்களில், பத்துப் பேரோ அதற்கு மேலோ உள்ள குழுக்கள் மெடிகேர் நோயாளிகளுக்குக் குறிப்பிட்ட சிகிச்சைகளின்பின் அதைப் பதிவு செய்தே ஆக வேண்டும் என்று விதி வந்தது.

ஒஹையோ மருத்துவர் வேறு குழு. நோயாளியின் பின்கவனிப்பை ஒப்படைக்கிறோம், ஏற்கிறோம் என்று இரு தரப்பும் எழுத்தில் ஒப்புக்கொண்டிருந்தால் ஃப்ளோரிடாக்காரர் 24538-உடன் ‘மாடிஃபையர்’ எனும் துணை எண் 54-ஐயும், இவர் அதே எண்ணுடன் 55-ஐயும் சேர்ப்பார்கள். தொகை இருவருக்கும் பிரியும். ஒப்பந்தம் ஏதும் இல்லையென்றால் இவர் புதிய நோயாளிக்கான சந்திப்புக் கட்டணத்தையே கேட்கலாம், எடுத்துக்காட்டாக 99203. நோய்க் குறியீடு ‘டி’ ஆக இருக்க, சந்திப்பு ‘புதிய நோயாளி’ ஆக இருப்பதில் முரண் எதுவுமில்லை. ஒன்று முறிவின் வயது, மற்றது மருத்துவருக்கும் நோயாளிக்கும் உள்ள அறிமுகம்.

எக்ஸ்ரே 90 நாள் கணக்குக்கு வெளியே. முழங்கையை இரு கோணத்தில் எடுத்தால் 73070, மூன்றோ அதற்கு மேலோ என்றால் 73080. முதல் மாவுக்கட்டு முறிவு சிகிச்சைக்குள் அடக்கம். பிறகு மாற்றிப் போடும் முழுக்கைக் கட்டுக்கு 29065 தனியாக உண்டு. கட்டுப் பொருளுக்கான குறியீட்டில் வயது பார்க்க வேண்டும். பத்து வயது வரை ஃபைபர்கிளாஸ் முழுக்கைக் கட்டுக்கு கியூ4008, பதினொன்றிலிருந்து கியூ4006. கம்பி உருவுவதும் கட்டுப் பிரிப்பதும் தையல் எடுப்பதும் அறுவை செய்தவரின் 90 நாள் கணக்கில் அடக்கம் என்கிறது மெடிகேர். தனியார் காப்பீடுகள் எல்லாம் அப்படியே சொல்வதில்லை. அந்தந்த ஒப்பந்தத்தைப் பார்க்க வேண்டும்.

‘கோடு இன்னும் தெரிகிறது’

மிகவும் சிக்கலான சார்ட் பெரும்பாலும் மிகவும் சின்னதாக இருக்கும். ஒலிக்ரெனானில் அறுவை முடிந்து பன்னிரண்டாவது வாரம். மருத்துவர் எழுதியது மூன்றே வரி: வலி குறைந்திருக்கிறது, எக்ஸ்ரேயில் முறிவுக் கோடு இன்னும் தெரிகிறது, ஆறு வாரம் கழித்துப் பார்க்கலாம்.

‘டி’யா, ‘ஜி’யா, ‘கே’யா? பன்னிரண்டு வாரம் ஆகியும் கோடு தெரிந்தால் தாமதம்தானே என்று அனுபவசாலிக்கும் தோன்றும். மருத்துவ அறிவு சரியாகவே இருக்கலாம். ஆனால் அந்த முடிவை எடுக்கும் உரிமை கோடருக்கு இல்லை. தாமதமாகக் கூடுகிறது, கூடவில்லை, கோணலாகக் கூடியது என்ற மூன்றும் மருத்துவர் கையால் எழுதப்பட வேண்டிய நோய்முடிவுகள். எக்ஸ்ரேயின் வர்ணனை நோய்முடிவு ஆகாது. கூடாத எலும்பு, அதாவது நான்யூனியன், என்று தவறாகப் பதிவானால், இல்லாத சிக்கல் ஒன்று நோயாளியின் பதிவில் ஏறிவிடும். உண்மையில் கூடாத எலும்புக்கு ‘டி’ போட்டால், நாளை எலும்பு ஒட்டு வைக்கும் அறுவைக்கு அனுமதி கேட்கும்போது, எல்லாம் சரியாக ஆறுவதாகத்தானே சொன்னீர்கள் என்று காப்பீடு திருப்பிக் கேட்கும்.

இப்படிப்பட்ட இடத்தில் செய்ய வேண்டியது மருத்துவருக்குக் கேள்வி அனுப்புவது. அலுவலக வழக்கில் ‘குவெரி’. ‘இதை நான்யூனியன் என்று எடுத்துக்கொள்ளலாமா?’ என்று கேட்பது விடையை வாயில் ஊட்டுவது, அது செல்லாது. சார்ட்டில் உள்ளதை உள்ளபடி சொல்லி, எல்லாத் தேர்வுகளையும் முன்னால் வைக்க வேண்டும். ஒரு மாதிரி:

‘வலது ஒலிக்ரெனான் முறிவு, அறுவைக்குப் பின் 12-ஆவது வாரம். இன்றைய குறிப்பில் வலி குறைந்ததாகவும், எக்ஸ்ரேயில் முறிவுக் கோடு தெரிவதாகவும் உள்ளது. முறிவு ஆறும் நிலையைத் தங்கள் மருத்துவ முடிவின்படி குறிப்பில் தெளிவுபடுத்த வேண்டுகிறோம்: வழக்கம்போல் ஆறிவருகிறது, ஆறத் தாமதமாகிறது, கூடவில்லை, கோணலாகக் கூடியுள்ளது, வேறு நிலை, இப்போது முடிவு செய்ய இயலாது.’